திருவிழா முடிந்த மறுநாள் ஊரில் மிஞ்சுவது எவ்வளவு? திருகோணமலையில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் வீதியில் நவராத்திரிக்குக் கும்பத்துமால் (கும்பம் வைக்கும் கிடுகுப் பந்தல்) கட்டும்போது கணக்குக் கொப்பி என் கையில்தான் இருக்கும். கிடுகு எத்தனை, தடி எத்தனை, ஒலிபெருக்கிக்காரருக்கு முற்பணம் எவ்வளவு என்று எழுதி எழுதிப் பழகிவிட்டேன். அதனாலோ என்னவோ, கோயில் திருவிழா, இசை நிகழ்ச்சி, கடற்கரை விழா என்று எந்தப் பேச்சு வந்தாலும் ஆட்கள் என்னைப் பிடித்துக்கொள்கிறார்கள். "இதாலே ஊருக்கு ஏதும் பிரயோசனம் இருக்கா?" என்பதுதான் எல்லாரும் கேட்பது. ஒரே கேள்வி பல உருவத்தில் வருகிறது. வந்தவற்றையும் நான் சொல்லிவரும் பதில்களையும் இங்கே எழுதிவைக்கிறேன்.

சுருக்கமாகச் சொல்லுங்கள், திருவிழாவால் ஊருக்குக் காசு வருகிறதா?

வருகிறது. ஆனால் வீதி நிறையச் சனம் நின்றதை வைத்து எவ்வளவு என்று சொல்ல முடியாது. வந்தவர் வெளியூர்க்காரரா, இரவு இங்கே படுத்தாரா, அவர் வாங்கிய சாமான் எங்கேயிருந்து வந்தது என்ற மூன்றையும் கேட்க வேண்டும். கேட்காமல் "கோடிக்கணக்கில் புழங்கியது" என்று சொல்வது, வாடியில் இறங்கிய மீன்பெட்டிகளை எண்ணிவிட்டு அவ்வளவும் நம் வீட்டுக் குழம்புக்கு என்று நினைப்பது மாதிரி.

எந்தெந்த விழாக்களை வைத்துப் பேசுகிறீர்கள்?

மாசியில் மகா சிவராத்திரி. அன்றிரவு திருக்கோணேஸ்வரத்தில் சனம் விடிய விடிய விழித்திருக்கும். அப்புறம் கோணேசரும் மாதுமை அம்பாளும் மலையிலிருந்து இறங்கி ஐந்து நாள் நகர்வலம் வருவார்கள். படலைக்குப் படலை நிறைகுடம் வைப்பதால் அந்த வாரம் பூவும் வாழைப்பழமும் தேங்காயும் என்ன விலை போகும் என்பது நம் வீட்டுப் பெண்களுக்குத் தெரியும். பங்குனி, சித்திரையில் கோணேசரின் பெருந்திருவிழா. வடக்கிலிருந்து கதிர்காமத்துக்கு நடந்துபோகும் பாதயாத்திரைக்காரர்கள் இந்த மாவட்டத்தைக் கடந்து, வெருகல் வழியாக மட்டக்களப்புப் பக்கம் போவார்கள். ஆடி அமாவாசைக்குப் பிதிர்க்கடன் செய்யக் கன்னியா வெந்நீரூற்றுக்கு ஆட்கள் வருவார்கள். தம்பலகாமம் ஆதிகோணேஸ்வரம், வெருகல் சித்திரவேலாயுதர், நகரத்துப் பத்திரகாளி அம்பாள், பாலையூற்று லூர்து மாதா என்று ஒவ்வொன்றுக்கும் ஒரு கூட்டம் உண்டு. நவராத்திரியில் கும்ப விழா. கிண்ணியா, மூதூர், புல்மோட்டைப் பக்கம் இரண்டு பெருநாள். வெசாக்குக்கு வெளிச்சக்கூடுகளும், தன்சல் என்கிற இலவசச் சாப்பாட்டுப் பந்தல்களும்.

இவை போக, இந்தியாவிலிருந்து பாடகரைக் கூட்டிவந்து நடத்தும் இசை நிகழ்ச்சி, உதைபந்தாட்டப் போட்டி, கார்னிவல், கண்காட்சி என்று மைதானத்தில் நடப்பவை தனி. இரண்டு வகையும் காசை வேறு வேறு விதமாக நடத்துகின்றன. கீழே வருகிறேன்.

உள்ளூர்ச் சனம் செலவழிப்பதும் வருமானம்தானே? ஏன் அதைக் கழிக்கச் சொல்கிறீர்கள்?

இந்த இடத்தில்தான் நிறையப் பேர் என்னோடு சண்டைக்கு வருகிறார்கள். மீன் சந்தையை வைத்துச் சொல்கிறேன்.

கொடியேறினால் எத்தனையோ வீடுகளில் வீடு வாசல் கழுவி, மச்சம் விட்டுவிடுவார்கள். அந்த நாட்களில் மரக்கறிக் கடையில் நிற்க இடமிருக்காது. கத்தரிக்காயும் பூசணியும் விலை ஏறும். வாழையிலைக்கே கேள்வி வந்துவிடும். மரக்கறிக் கடைக்காரரைக் கேட்டால் "திருவிழா என்றால் அள்ளுகொள்ளை வியாபாரம்" என்பார். அதே நேரம் மீன் சந்தையில் ஈயோட்டிக்கொண்டிருப்பார்கள். பாரைக்கும் சூரைக்கும் கூப்பிட்டுக் கூப்பிட்டு விலை சொல்வார்கள். கருவாடு போடும் ஆட்களுக்கு அந்த நேரம் மலிவாக மீன் கிடைக்கும். ஆக, ஒரு குடும்பம் கிழமைக்குச் சாப்பாட்டுக்கு வைத்திருந்த காசு மீன்காரர் பையிலிருந்து மரக்கறிக்காரர் பைக்கு மாறியிருக்கிறது, அவ்வளவுதான். ஊருக்குப் புதிதாக ஒரு சதம் வரவில்லை.

உடுப்புக்கும் இதே கதை. பெருநாளுக்கோ திருவிழாவுக்கோ எடுக்காவிட்டால் பிள்ளைக்குப் பள்ளிக்கூடம் தொடங்கும்போது எடுத்திருப்பார்கள். மாதம் மாறியதே தவிரச் செலவு கூடவில்லை. 2012 குடிசனத் தொகை மதிப்பீட்டில் மாவட்டத்தின் சனத்தொகை ஏறத்தாழ 3 இலட்சத்து 80 ஆயிரம். இந்த அளவு ஊரில் நமக்கு நாமே விற்று வாங்குவதை எல்லாம் வருமானம் என்று எழுதினால், தேங்காய் வியாபாரமே நம்மைப் பணக்கார ஊராக்கியிருக்கும்.

ஒரு விலக்கு மட்டும் உண்டு. திருவிழா இங்கே நடக்காவிட்டால் நல்லூருக்கோ மாமாங்கத்துக்கோ போய்ச் செலவழித்திருப்பேன் என்கிற ஆளின் காசைக் கணக்கில் சேர்க்கலாம். வெளியே போயிருக்க வேண்டியது உள்ளே நின்றிருக்கிறது.

ஒரு ரூபாய் ஊருக்குள் வந்தால் அது மூன்று, நான்கு ரூபாயாகப் பெருகுமாமே?

பொருளியல் படித்தவர்கள் இதைப் பெருக்கி என்பார்கள். விஷயம் உண்மை, அளவில்தான் பிழை விடுகிறார்கள். உதாரணத்துக்கு, கண்டியிலிருந்து வந்த ஒருவர் உப்புவெளியில் அறை எடுத்து 1,000 ரூபாய் கொடுக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். (அந்த விலைக்கு இப்போது கதவுத் திறப்புக்கூடக் கிடைக்காது, கணக்குக்காகச் சொல்கிறேன்.) அறைக்காரர் அதில் 400 ரூபாயை இந்த ஊரிலேயே செலவழிக்கிறார். துணி கழுவுகிற அக்காவுக்குக் கூலி, பக்கத்துக் கடையில் பாண், முச்சக்கர வண்டிக்காரருக்குக் கூலி. அந்த 400 வாங்கியவர்களும் அதே மாதிரி நூற்றுக்கு நாற்பதை ஊருக்குள் விட்டால் 160. அடுத்த கை 64. எல்லாவற்றையும் கூட்டினால் 1,667 ரூபாய்க்குக் கிட்ட வரும். நூற்றுக்கு இருபதுதான் ஊருக்குள் நிற்கிறது என்றால் 1,250தான். மூன்று ரூபாயாக வேண்டுமென்றால் ஒவ்வொரு கையிலும் மூன்றில் இரண்டு பங்கு ஊரிலேயே நிற்க வேண்டும். கிழமைச் சந்தைக்கே லொறி வந்தால்தான் சாமான் என்கிற ஊரில் அது நடக்காது.

நாடு முழுவதற்கும் போட்ட பெருக்கியை எடுத்து மாவட்டத்துக்குப் போடுவது இன்னொரு பிழை. கொழும்புக்குப் போகும் காசு நாட்டுக்குள் இருக்கிறது. ஆனால் நமக்கு அது போனதுதான்.

அப்படியானால் காசு எங்கே கசிகிறது?

அன்னதானப் பந்தலுக்குள் போய்ப் பாருங்கள். மரக்கறி பெரும்பாலும் தம்புள்ளைப் பொருளாதார மத்திய நிலையத்திலிருந்து லொறியில் வந்தது. பருப்பு கப்பலில் வந்தது. பெரிய வெங்காயம் பல வேளை இந்தியாவிலிருந்து. கோதுமை மா வேடிக்கையான விஷயம். ஆலை சீனக்குடாவில், நம் கண்ணுக்கு முன்னால் நிற்கிறது, கோதுமையோ கடல் கடந்து வருகிறது. அரைத்த கூலிதான் நமக்கு. தென்னந்தோப்பு இருந்தும் திருவிழாக் காலத்துத் தேங்காய்க்கு நம் தோப்புகள் போதாது.

ஊருக்குள்ளேயே விளைவது எது? தம்பலகாமம், கந்தளாய், மூதூர்ப் பக்கத்து அரிசி. எருமைத் தயிர். நிலாவெளி உப்பளத்து உப்பு. கிடுகு, வாழையிலை. அப்புறம் மனித உழைப்பு. அன்னதானத்தில் சோறும் தயிரும் கூடக் கூட ஊருக்கு நல்லது என்று பகிடியாகச் சொல்வேன். ஆனால் அதில் பகிடி பாதிதான்.

பழைய ஏற்பாட்டை நினைத்தால் வியப்பாக இருக்கும். குளக்கோட்டன் என்ற மன்னன் கந்தளாய்க் குளத்தைக் கட்டி, தம்பலகாமத்து வயலைக் கோணேசருக்கு விட்டு, நெல்லுக்கு இன்னார், எண்ணெய்க்கு இன்னார், பூவுக்கு இன்னார் என்று ஊழியம் பிரித்துவைத்தான் என்பது இங்கே தலைமுறை தலைமுறையாகச் சொல்லிவரும் கதை. 1620களில் போர்த்துக்கேயர் கோயிலை இடித்து, அந்தக் கல்லையே கோட்டை கட்ட எடுத்ததோடு அந்த ஒழுங்கும் குலைந்தது. அந்தக் கதையில் ஒரு திருவிழாவுக்கு வேண்டிய எல்லாம் பத்துப் பதினைந்து மைல் சுற்றுக்குள் விளைந்திருக்கிறது. கசிவு என்ற பேச்சுக்கே அங்கே இடமில்லை.

கச்சான் கடைக்காரர், வளையல் கடைக்காரர் எல்லாம் உழைக்கிறார்களே, அது ஊருக்கு வருமானமில்லையா?

ஒரு திருவிழாவில் மூன்று நாள் பின்னேரம் ஒரு கச்சான் கடையடியில் வாங்கு போட்டு உட்கார்ந்திருந்தேன். கடைக்காரர் மட்டக்களப்புப் பக்கத்தவர். கொடியேற்றத்துக்கு ஒருநாள் முன்பே வந்து பலகை அடித்துவிட்டார். பெரிய தாச்சியில் மணல் போட்டுக் கச்சானைக் கொட்டி, கரண்டியால் இழுத்து இழுத்து வறுப்பார். மணல் கறுத்துப்போனால் கச்சான் தோலில் கறை பிடிக்குமாம், அதனால் இரண்டு நாளைக்கு ஒருக்கால் மணல் மாற்றுவார். சுண்டுப் பேணியால் அளந்து, பழைய பேப்பரில் சுற்றிய சரையில் போட்டுக் கொடுப்பார். பிள்ளைகள் வந்தால் மேலே ஒரு பிடி. அந்தப் பிடியில்தான் அடுத்த நாள் வியாபாரம் இருக்கிறது என்பது அவர் கட்சி.

அவர் இந்த ஊரில் என்ன விட்டார் என்று பார்த்தேன். இடத்துக்குக் கட்டிய காசு. இரண்டு மின்குமிழுக்கு இணைப்புக் காசு. விறகு. தேத்தண்ணீர். போனுக்கு ரீலோட். சாப்பாடு? மத்தியானம் அன்னதானம். படுக்கை? மேசைக்குக் கீழே சாக்கை விரித்து. கச்சான் மூடை அவரே லொறியில் கொண்டுவந்தது. ஆக, கோயிலடியில் நிற்கும் கூட்டத்தின் காசில் அவர் கைக்குப் போன பெரும்பங்கு பூங்காவனம் முடிந்த காலை அவரோடு பஸ்ஸேறிப் போய்விட்டது. போகும்போது மட்டும் மீன் சந்தைப் பக்கம் போய் இரண்டு கிலோ கருவாடும், மகளுக்கு ஒரு சட்டைத் துணியும் வாங்கினார்.

இதைச் சொன்னதும் "அப்படியென்றால் வெளியூர்க் கடைக்காரரை விடக் கூடாது" என்று சிலர் கிளம்புவார்கள். அது பிழை. நம் ஊர் ஆட்களும் வெருகலுக்கும் மடுவுக்கும் நல்லூருக்கும் கடை போடப் போகிறார்கள். கச்சான் கடை இல்லாத திருவிழாவுக்குப் பிள்ளைகள் வரமாட்டார்கள், பிள்ளைகள் வராவிட்டால் தாய் தகப்பனும் வரமாட்டார்கள். நான் சொல்வது கணக்கை மட்டும்தான். கடைகளின் எண்ணிக்கையை ஊரின் வருமானமாக எழுதக் கூடாது.

பஸ் பஸ்ஸாகச் சனம் வருகிறதே, அதிலே லாபம் இல்லையா?

பஸ்ஸில் என்ன இருக்கிறது என்று பார்த்திருக்கிறீர்களா? ஏப்ரல், ஆகஸ்ட் விடுமுறையில் தெற்கிலிருந்து வரும் பஸ்களில் அரிசி மூடை, சட்டி பானை, காஸ் சிலிண்டர், பாய் எல்லாம் இருக்கும். கோணேஸ்வரம், கன்னியா, நிலாவெளி என்று ஒரே நாளில் சுற்றி, கடற்கரை ஓரத்தில் சமைத்துச் சாப்பிட்டுவிட்டு இரவோடு இரவாகத் திரும்பிவிடுவார்கள். அவர்கள்மேல் பிழையில்லை, வசதிக்குத் தக்கபடிதான் ஆட்கள் பயணம் போவார்கள். ஆனால் ஐம்பது பேர் வந்த பஸ்ஸைவிட, நான்கு பேர் வந்து இரண்டு இரவு தங்கிய வான் ஊரில் கூடுதலாக விட்டுப்போகும்.

இரவு ரயிலும் அப்படித்தான். கொழும்பில் ஏறி விடிய வந்திறங்கி, குளித்து, கும்பிட்டு, இரவு ரயிலிலேயே திரும்பினால் அவருடைய இரண்டு இரவும் தண்டவாளத்தில் கழிந்துவிடும். நம் அறைகள் பூட்டியிருக்கும். இரவு எட்டு மணிக்குப் பிறகு பார்க்கவும் கேட்கவும் ஏதாவது இருந்தால்தான் ஆள் தங்குவார். கும்ப விழாவில் இந்தச் சங்கதி இருக்கிறது. கும்பம் வீதிக்கு இறங்குவதே இரவில்தான். உடுக்குச் சத்தமும் ஆட்டமும் பார்க்க வருபவர் திரும்பிப் போக நேரமில்லை. வேறு ஊரிலே இப்படி ஒரு நவராத்திரி இல்லை என்பதும் நமக்கு வாய்ப்பு. இதை வெளியாருக்குச் சொல்ல நாங்கள் ஏன் இவ்வளவு கூச்சப்படுகிறோம் என்பது எனக்கு விளங்கவில்லை.

சுற்றுலாப் பருவத்தில்தானே விழா வைக்க வேண்டும்?

என் எண்ணம் நேர் எதிர். கிழக்குக் கடல் அடங்கியிருப்பது ஏறத்தாழ மே தொடங்கி செப்டெம்பர் வரை. நிலாவெளி, உப்புவெளி, புறாமலை, திமிங்கிலம் பார்க்கும் படகு எல்லாம் அந்த மாதங்களில்தான் ஓடும். ஓகஸ்டில் நல்ல ஹோட்டலில் அறை கிடைப்பதே கஷ்டம். அந்த நேரம் ஒரு பெரிய விழாவை வைத்தால், விழாவுக்கு வந்தவர் அறை எடுப்பார், வெள்ளைக்காரர் பாசிக்குடாவுக்குத் திரும்பிவிடுவார். ஒருவரைத் தள்ளி இன்னொருவர் உட்கார்ந்ததில் ஊருக்கு என்ன கூடியது?

சிவராத்திரியும் பங்குனித் திருவிழாவும் பருவத்துக்கு முன்னால் வருகின்றன. நவராத்திரி பருவம் முடிகிற கையோடு வருகிறது. காலியாகக் கிடக்கும் அறையை நிரப்பும் விழாதான் உண்மையில் உழைக்கும் விழா. பஞ்சாங்கம் நமக்கு அந்த ஒழுங்கைப் போட்டே தந்திருக்கிறது. மார்கழியில் வைத்தால்? வாடைக்காற்றும் மழையும். அடுத்த கேள்வியில் அதற்கு ஒரு கதை இருக்கிறது.

இசை நிகழ்ச்சி, கார்னிவல் போன்றவை கோயில் திருவிழாவைவிட நல்லவையா?

காசு என்ற கண்ணால் மட்டும் பார்த்தால், பல வேளை மோசம். டிக்கட் விற்ற காசில் பாடகர் சம்பளம் சென்னைக்குப் போகும். மேடை, ஒலி, ஒளி, பெரிய திரை எல்லாம் கொழும்பிலிருந்து லொறியில் வந்து லொறியில் போகும். பாதுகாப்புக்கு நிற்கும் ஆட்கள்கூட வெளியூர் நிறுவனத்துக்காரர். உள்ளூராட்சி சபைக்குக் களியாட்ட வரி, மைதான வாடகை, கதிரை வாடகைக்காரர், தண்ணீர்ப் போத்தல், கொத்துரொட்டி. இவ்வளவுதான் நமக்கு. டிக்கட் வாங்கியவர்களும் பெரும்பாலும் நம் பிள்ளைகளே. அந்த மாதம் ஊரிலிருந்து காசு வெளியே போயிருக்கிறது என்றுதான் பேரேட்டில் விழும்.

சில வருடத்துக்கு முன் ஒரு மைதானத்தில் நவம்பர் மாதம் நிகழ்ச்சி வைத்தார்கள். நடத்தியவர்கள் வெளியூர். பின்னேரம் நான்கு மணிக்கு ஒரு மழை. இந்த ஊர்க்காரர் யாரையாவது கேட்டிருந்தால் நவம்பரில் திறந்தவெளி வேண்டாம் என்று இலவசமாகச் சொல்லியிருப்பார்கள். மேடைத் தார்ப்பாய் குளமாகி, ஒலிப்பெட்டிக்குத் தண்ணீர் இறங்கி, எட்டு மணிக்கு ரத்து. டிக்கட் காசு திரும்ப வரவில்லை. எனக்குத் தெரிந்த தம்பி ஒருவன் கதிரை அறுநூறு கொடுத்திருந்தான். சேற்றில் கிடந்த கதிரைகளை மறுநாள் அவனும் அவன் மனைவியும் கழுவிக்கொண்டிருந்ததைப் பார்த்தேன். மிச்சக் காசு "அடுத்த கிழமை" என்றார்கள். அந்தக் கிழமை இன்னும் வரவில்லை.

கோயில் திருவிழாவில் இந்த ஆபத்துக் குறைவு. உபயகாரர் உண்டு. ஒருநாள் மழை பெய்தால் அடுத்த நாள் இருக்கிறது. மேளக்காரருக்குக் கொடுக்காமல் யாரும் சாமிக்கு முன்னால் நிற்கமாட்டார்கள்.

அரசாங்கம் பெரிய விழாக்கள் எடுக்கிறதே?

2024 ஜனவரியில் சம்பூரில் ஜல்லிக்கட்டு நடந்தது. 200க்கும் மேல் காளைகள். அதே கிழமை திருகோணமலையில் 1,008 பானை வைத்துப் பொங்கினார்கள், 1,500 பேர் பரதம் ஆடினார்கள். படங்கள் உலகம் முழுக்கப் போயின. அந்த விளம்பரத்துக்கு விலை உண்டு, அதை மறுக்கமாட்டேன்.

ஆனால் கணக்குப்பிள்ளைக்கு வேறு விஷயம் கண்ணில் படும். 1,008 பானை எந்த ஊர்ச் சூளையில் சுட்டவை? 1,500 பேருக்கும் உடுப்புத் தைத்த தையல்காரர் எங்கே இருக்கிறார்? அடுத்த தை மாதமும் விழா உண்டு என்று முன்கூட்டியே தெரிந்தால் குயவர் சூளையை விரிப்பார், தையல்காரி இன்னொரு மெஷின் வாங்குவார். ஒருதரம் மட்டும் நடப்பதற்கு யாரும் முதல் போடமாட்டார்கள், அவசரத்தில் எல்லாம் வெளியூரிலிருந்துதான் வரும். சிறிதாக இருந்தாலும் வருடா வருடம் அதே நாளில் வருகிற விழாவை நான் விரும்புவது இதனால்தான்.

பாலம், வீதி இவற்றுக்கும் விழாவுக்கும் என்ன தொடர்பு?

2009இல் கிண்ணியாப் பாலம் திறந்தார்கள். 396 மீற்றர். அதற்கு முன் பாதைப் படகு. வரிசையில் நின்று, கடந்து, இரவு விழா பார்த்துவிட்டுத் திரும்புவது என்பது பெரிய பாடு. இப்போது கிண்ணியாக்காரர் நகரத்துக்கு வந்து கொத்துரொட்டி சாப்பிட்டுவிட்டுப் பத்து மணிக்கு வீட்டில் இருப்பார். பெருநாள் உடுப்பு எடுக்க நகரத்துக்கு வருவது கூடியது. கூடவே, கிண்ணியாவின் சின்னக் கடைகளுக்கு வியாபாரம் குறையவும் வழி திறந்தது. பாலத்தில் காசு இரு பக்கமும் நடக்கும்.

வெளிநாட்டில் இருப்பவர்கள் அனுப்பும் காசு?

கனடா, லண்டன், சுவிஸ் என்று உபயத்துக்கு வரும் காசு முழுக்க முழுக்கப் புதுக் காசு. ஊருக்கு இதைவிடச் சுத்தமான வரவு இல்லை. நேரில் திருவிழாவுக்கு வந்தால் மூன்று கிழமை நிற்பார்கள், வீட்டுக்குப் பெயின்ற் அடிப்பார்கள், பல்லுக் கட்டுவார்கள், நகை எடுப்பார்கள். எந்தக் கணக்கெடுப்பிலும் இவர்கள் "சுற்றுலாப் பயணி" என்று விழமாட்டார்கள், ஏனென்றால் படுப்பது அக்கா வீட்டில்.

செலவுப் பக்கத்தை யார் எழுதுவது?

யாரும் எழுதுவதில்லை. குப்பை அள்ளும் தொழிலாளரின் மேலதிக நேரம், தண்ணீர் பவுசர், பொலிஸ் கடமை, அடைத்த வீதியால் சுற்றிப்போன லொறியின் டீசல், கடை திறக்க முடியாமல் போனவரின் நாள். கோட்டைக்குள்ளே கோணேசர் கோயிலுக்கு ஏறும் வழி ஒன்றே ஒன்று. தேர் நாளில் அந்த வழியில் நோயாளி ஒருவரை ஏற்றி இறக்குவதை ஒருமுறை பார்த்தால் போதும்.

மான்களையும் சொல்ல வேண்டும். கோட்டைக்குள்ளும் நகரத்துக்குள்ளும் நம் வீட்டு ஆடு மாதிரித் திரியும் புள்ளிமான்கள் அர்ச்சனைத் தட்டு சுற்றிவந்த பொலித்தீனையும் சாப்பாட்டுப் பையையும் தின்றுவிடுகின்றன. வயிற்றில் பொலித்தீன் கட்டிச் செத்த மான்கள் உண்டு. அந்த மானைப் படம் பிடிக்கத்தான் வெளியூர்க்காரர் கோட்டைக்குள் முதல் நிற்கிறார்கள்.

விழாவே நடக்காத வருடத்தில் என்ன நடந்தது?

2020, 2021இல் கொரோனாவால் திருவிழாக்கள் ஒடுங்கிப்போயின. குருக்களும் ஒரு சிலரும் மட்டும். அப்போதுதான் யார் யார் திருவிழாவை நம்பி வாழ்ந்தார்கள் என்று தெரிந்தது. நான் எதிர்பார்த்தது ஹோட்டல்காரர்களை. கண்டது தவில்காரர், நாதஸ்வரக்காரர், பூமாலை கட்டும் குடும்பங்கள், சோடனைக்காரர், ஒலிபெருக்கிக்காரர். மரக்கறிக் கடைக்காரருக்குப் பெரிய நட்டமில்லை, சனம் எப்படியும் சாப்பிடத்தானே வேண்டும். 2022இல் எரிபொருள் வரிசை. கோயில் திறந்திருந்தது, வருவதற்குப் பெற்றோல் இல்லை.

பத்திரிகையில் வரும் கோடிக் கணக்குகளை நம்பலாமா?

டெக்சாஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகத்தின் ஜோன் குரொம்ப்டன் 1995இலேயே இப்படிப்பட்ட ஆய்வுகளில் வழக்கமாக நடக்கும் பதினொரு பிழைகளை வரிசைப்படுத்தினார். உள்ளூர்க்காரர் காசைச் சேர்ப்பது, எப்படியும் வந்திருக்கக்கூடியவரைச் சேர்ப்பது, மொத்த விற்பனையை வருமானம் என்று காட்டுவது எல்லாம் அந்தப் பட்டியலில் உண்டு. யார் ஆய்வுக்குக் காசு கொடுத்தார் என்று முதலில் பாருங்கள்.

எல்லை எங்கே போட்டார்கள் என்பதும் முக்கியம். 1947இலிருந்து விழா நடத்தும் எடின்பரோவில் 2010க்கான ஆய்வு ஒன்று, நகரத்துக்கு 24.5 கோடி பவுண், ஸ்கொட்லாந்து முழுவதற்கும் 26.1 கோடி பவுண் என்று தனித்தனியே சொன்னது. நகரத்துக்குப் புது வரவாக இருப்பது நாட்டுக்குப் பக்கத்து ஊரிலிருந்து மாறிவந்த காசாக இருக்கலாம், அதனால்தான் இரண்டையும் பிரித்துப் போடுகிறார்கள். 2024 மார்ச்சில் டெய்லர் ஸ்விஃப்ட் சிங்கப்பூரில் ஆறு இரவு பாடினார், தென்கிழக்காசியாவில் வேறெங்கும் இல்லை. சிங்கப்பூர் அரசு மானியம் கொடுத்திருந்தது, அயல் நாடுகள் முகம் சுளித்தன. ஆள் விமானத்தில் வந்து அறை எடுத்துத் தங்கும் ஊர் அது. அந்தக் கணக்கை அப்படியே தூக்கி நம் மைதானத்துக்குப் போடக் கூடாது.

எங்கள் கோயில், கழகம் தாங்களே கணக்கெடுக்கலாமா?

தாராளமாக. பெரிய படிப்புத் தேவையில்லை. உயர்தரம் படிக்கும் பிள்ளைகள் ஆறு பேர் போதும். வாசலில் நிற்கவிடாதீர்கள், உள்ளே போகிறவர் அவசரத்தில் இருப்பார். வெளியே வந்து செருப்புப் போடும் இடத்தில் நிற்கட்டும். பத்துப் பேருக்கு ஒருவரை மறியுங்கள், தெரிந்த முகமாகப் பார்த்து மறிக்காதீர்கள். ஐந்தே கேள்வி. எந்த ஊர்? நேற்றிரவு எங்கே படுத்தீர்கள்? திருவிழா இல்லாவிட்டாலும் இந்தக் கிழமை வந்திருப்பீர்களா? எத்தனை பேராக வந்தீர்கள்? இன்று சாப்பாட்டுக்கும் படுக்கைக்கும் பயணத்துக்கும் இந்த ஊரில் ஏறத்தாழ எவ்வளவு போனது?

மூன்றாவது கேள்விக்குச் சனம் "வந்திருப்போம்" என்றுதான் மரியாதைக்குச் சொல்லும். "அப்போ போன வருடம் இந்தக் கிழமை எங்கே இருந்தீர்கள்?" என்று சிரித்துக்கொண்டு கேட்கச் சொல்லுங்கள். கொடியேற்றம், நடுவில் ஒரு சாதாரண நாள், தேர், தீர்த்தம் என்று நான்கு நாளும் எடுங்கள். தேர் நாளை மட்டும் எடுத்தால் கணக்கு வீங்கும். கடைக்காரர்களிடம் வருமானம் கேட்காதீர்கள், வரிக்காரர் என்று நினைத்துவிடுவார்கள். சாமான் எங்கேயிருந்து வாங்கினீர்கள் என்று கேளுங்கள், அதைச் சந்தோஷமாகச் சொல்வார்கள். பேனையை மட்டும் நூலில் கட்டி அட்டையோடு கொடுங்கள். கட்டாமல் கொடுத்த பேனை எங்கள் வீதியில் ஒருதரம்கூட இரண்டாம் நாளைப் பார்த்ததில்லை.